லாஞ்சர் போடுமுன் கிணற்றை எட்டிப் பாருங்கள்: ரோஃபி, யூலாஞ்சர், ஆல்பர்ட்

2011-இல் தொடங்கிய இலவச லேப்டாப் திட்டத்தில் வந்த மெஷின்கள் நெல்லைப் பக்கம் இன்னும் ஓடுகின்றன. கொக்கிரகுளத்து ஜெராக்ஸ் மேசையிலோ பாளையங்கோட்டை டிடிபி கடையிலோ 2 ஜிபி ரேமோடு உட்கார்ந்திருக்கும் அப்படியொரு மெஷினில் லினக்ஸும் எக்ஸ்எஃப்சிஇ என்ற எடை குறைந்த டெஸ்க்டாப்பும் போட்டாயிற்று என்று வையுங்கள். மெனுவைத் துழாவாமல் இரண்டு எழுத்துத் தட்டி நிரலைத் திறக்க ஒரு லாஞ்சர் வேண்டும். எதைப் போடுவது? அழகைப் பார்த்து எடுத்தால் அடுத்த அப்டேட்டில் படுத்துவிடும். அது எந்தெந்த ஷேர்டு லைப்ரரிகளை, அதாவது எஸ்ஓ கோப்புகளை, நம்பி நிற்கிறது என்பதைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

நம்மூர் வளவு வீடுகளில் ஏழெட்டுக் குடித்தனத்துக்கும் ஒரே கிணறு இருக்குமே, ஷேர்டு லைப்ரரியும் அப்படித்தான். பத்து நிரல்கள் கேட்டாலும் அதன் கோடு மெமரியில் ஒரு தடவைதான் ஏறும். ஆக, ஏற்கெனவே தோண்டிய கிணற்றில் இறைக்கிற லாஞ்சர் மலிவு. தனக்கென்று புதுக் கிணறு தோண்டச் சொல்வது செலவு.

ரோஃபி என்ற லாஞ்சர் முதலில் சொன்ன மலிவு ரகம். அதன் பைனரி (ஓடும் கோப்பு) மேல், எந்த லைப்ரரிகள் தேவை என்று காட்டும் எல்டிடி கட்டளையை ஓட்டினால் பேங்கோ, கெய்ரோ, ஜிலிப், எக்ஸ்சிபி என்று பட்டியல் வரும். இவற்றில் பெரும்பாலானவை எக்ஸ்எஃப்சிஇ பேனலுக்காக முன்பே மெமரியில் இருப்பவை. மேலும் ரோஃபி பின்னணியில் தங்காது. கீயை அழுத்தினால் வரும், வேலை முடிந்தால் போய்விடும். செட்டிங்ஸில் கீபோர்டு, அதில் அப்ளிகேஷன் ஷார்ட்கட்ஸ் போய் ‘ரோஃபி -ஷோ டிரன்’ என்ற கட்டளைக்கு ஒரு கீ கொடுத்தால் போதும். ஐகான் வேண்டுமென்றால் ‘-ஷோ-ஐகான்ஸ்’ சேர்க்கலாம்.

தமிழ் விஷயத்தில்தான், எழுத்துகளை அடுக்கும் பேங்கோவின் அருமை தெரியும். ரோஃபியைவிடச் சிறிய லாஞ்சரான டிமெனு, எழுத்து வரைய எக்ஸ்எஃப்டி லைப்ரரியை மட்டும் நம்புகிறது. அதற்கு எழுத்துகளைக் கோத்து இடம் மாற்றும் வேலை தெரியாது. ‘நெல்லை’ என்ற பெயரில் இரண்டு கொம்பும் எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும். ரோஃபியில் பேங்கோ அந்த வேலையை ஹார்ஃப்பஸ் என்ற லைப்ரரியிடம் ஒப்படைப்பதால் பெயர் பெயராகவே வரும். கல்யாணப் பத்திரிகைக் கோப்புகளைத் தமிழில் பெயர் வைத்துத் தேடுபவர்கள் டிமெனுவை விட்டுவிடலாம்.

யூலாஞ்சர் பார்க்க லட்சணமானது. தேடலில் எழுத்துப்பிழையைக்கூடப் பொறுத்துக்கொள்ளும். சிக்கல் அடியில் இருக்கிறது. அது பைத்தான் ஸ்கிரிப்ட் என்பதால் எல்டிடி ஓட்டினால் ‘டைனமிக் எக்ஸிக்யூட்டபிள் இல்லை’ என்று கையை விரித்துவிடும். ஜன்னல் வரையும் ஜிடிகே, ஷார்ட்கட் கீயைப் பிடிக்கும் கீபைண்டர், வெப்கிட் ஆகிய லைப்ரரிகளை ஓடும் நேரத்தில்தான் கூப்பிடுகிறது. எனவே பழுது வந்தால் எஸ்ஓ கோப்பின் பெயர் வராது. ‘நேம்ஸ்பேஸ் கீபைண்டர் நாட் அவைலபிள்’ என்பது போல ஒரு வரி வரும். டெர்மினலில் யூலாஞ்சரைத் திறந்தால் அது தெரியும். மருந்து, ‘ஜிஐஆர்1.2-கீபைண்டர்-3.0’ என்ற பேக்கேஜ்.

ஐந்தாம் பதிப்பு வரிசையில் செட்டிங்ஸ் ஜன்னலுக்காகவே வெப்கிட் வருகிறது. நாலு டிக் பாக்ஸ் காட்ட ஒரு முழு பிரவுசர் எஞ்சின்! உபுண்டு 24.04-இல் வெப்கிட்ஜிடிகே 4.0 எடுக்கப்பட்டுவிட்டது; 4.1 இருக்கிறது. 4.0-ஐ மட்டும் கேட்கும் பழைய யூலாஞ்சர் டெப் (நிறுவல்) கோப்பைப் பென்டிரைவில் வைத்துக்கொண்டு போட முயன்றால் நிறுவவே மறுக்கும். எங்கிருந்தோ 4.0-ஐ இறக்கிச் சேர்ப்பதும் நல்லதல்ல: அது லிப்சூப் என்ற இணைய லைப்ரரியின் இரண்டாம் பதிப்பையும் 4.1 மூன்றாம் பதிப்பையும் இழுக்கும். இரண்டும் ஒரே பிராசஸில் சேர்ந்தால் நிரல் அங்கேயே நின்றுவிடும். யூலாஞ்சரின் புதிய வெளியீட்டை எடுப்பதுதான் வழி.

இன்னொன்று: அதன் வழக்கமான ஷார்ட்கட் கண்ட்ரோல்-ஸ்பேஸ். எஃப்சிஐடிஎக்ஸ் என்ற மொழி உள்ளீட்டு நிரலில் தமிழ்99 அடிப்பவர்களுக்கு மொழி மாற்றும் கீயும் அதேதான். முதல் நாளே ஒன்றை மாற்றிவிடுங்கள்.

ஆல்பர்ட் வேகமானது. ஆனால் க்யூட்டி 6 என்ற ஜன்னல் லைப்ரரியில் எழுதப்பட்டது. எக்ஸ்எஃப்சிஇ மெஷினில் அந்தக் கிணற்றில் இறைக்க வேறு ஆளே இருக்காது. லுபுண்டு 24.04-இல் க்யூட்டி இருக்கிறதே என்றால் அது க்யூட்டி 5. எஸ்ஓ பெயரே வேறு. பங்கு போட முடியாது. அதன் ப்ளகின்கள் ஒவ்வொன்றும் தனி எஸ்ஓ கோப்பு. மெயின் பைனரி மேல் எல்டிடி ஓட்டினால் எல்லாம் சரியாகத் தெரியும், கால்குலேட்டர் மட்டும் வேலை செய்யாது. கணக்குப் போடும் லிப்க்வால்குலேட் லைப்ரரி இல்லாத குறையை, அந்த ப்ளகினின் எஸ்ஓ கோப்பு மேல் எல்டிடி ஓட்டினால்தான் ‘நாட் ஃபவுண்ட்’ என்று காணலாம். சோர்ஸிலிருந்து கட்டியவர்களுக்கு லிப்ஆல்பர்ட் கிடைக்கவில்லை என்று வந்தால், அது பெரும்பாலும் யூஎஸ்ஆர்-லோக்கல்-லிப்பில் சும்மா கிடக்கும். லைப்ரரிப் பட்டியலைப் புதுப்பிக்கும் ‘சூடோ எல்டிகான்ஃபிக்’ ஒரு தடவை போட்டால் சரி.

மூன்றுக்கும் பொதுவான ஒரு தப்பு: எஸ்ஓ.5 இல்லை என்றதும் எஸ்ஓ.6-க்கு அந்தப் பெயரில் சிம்லிங்க் (மாற்றுப்பெயர் இணைப்பு) போடுவது. அந்த எண் மாறியதே உள்ளமைப்பு மாறியதால்தான். அண்ணாச்சி கடைச் சாவியை அடுத்த கடைப் பூட்டில் நுழைத்தது போல, நுழையும், திறக்காது. இங்கே நிரல் பாதியில் விழும். ‘ஆப்ட்-ஃபைல் சர்ச்’ போட்டு அந்தக் கோப்பு எந்தப் பேக்கேஜில் இருக்கிறது என்று கண்டு, அதை நிறுவுங்கள். ‘ராங் ஈஎல்எஃப் கிளாஸ்’ என்று வந்தால் 32 பிட் கோப்பு 64 பிட் நிரலுக்குப் போயிருக்கிறது. ‘ஜிலிப்சி_2.34 நாட் ஃபவுண்ட்’ என்று வந்தால் சிஸ்டத்தின் அடித்தள லைப்ரரியான ஜிலிப்சியில் கைவைக்காதீர்கள்: உபுண்டு 20.04-இல் இருப்பது 2.31, அதை மட்டும் தனியாக ஏற்றினால் மொத்த சிஸ்டமும் எழாமல் போகலாம். அந்த மெஷினுக்கு அந்தப் பதிப்பின் ரெப்பாசிட்டரியில் உள்ள ரோஃபியே போதும்.