மதுரையில் ஐவிஎஃப்: மிஞ்சும் கரு வேண்டாம் என்றோம், கேட்டார்கள்

மதுரையில் ஒரு கருத்தரிப்பு மையத்தில் ஐவிஎஃப் (உடலுக்கு வெளியே கரு உண்டாக்கும்) சிகிச்சை எடுத்தோம். நாங்கள் சிஎஸ்ஐ சபை, புராட்டஸ்டண்ட். நாத்தனார் கத்தோலிக்கர், வத்திக்கான் 1987லேயே ஐவிஎஃப் கூடாது என்று சொல்லிவிட்டதை எடுத்துச் சொன்னார். எங்களுக்கு சிகிச்சை தவறாகப் படவில்லை. ஆனால் தேவைக்கு மேல் கருவை உண்டாக்கிவிட்டுக் கைவிட மனம் ஒப்பவில்லை.

கவுன்சலிங்கில் ஒப்புதல் படிவத்தை வரி வரியாகப் படித்தேன். 2021 செயற்கைக் கருத்தரிப்புச் சட்டப்படி உறைய வைத்த கருவை அதிகபட்சம் 10 ஆண்டுகள் சேமிக்கலாம். அப்புறம் அழிய விட வேண்டும், இல்லையென்றால் நம் சம்மதத்தோடு ஆராய்ச்சிக்குப் போகும். இரண்டுக்கும் என்னால் கையெழுத்துப் போட முடியவில்லை.

"மேடம், கர்ப்பப்பையில் வைக்கிற அளவுக்கு மட்டும் கரு உண்டாக்க முடியுமா?" என்று கேட்டேன்.

டாக்டர் முகம் சுளிக்கவில்லை. "செய்யலாம்மா. ரெண்டு முட்டையில மட்டும் விந்தணு சேர்ப்போம், மீதி முட்டையை அப்படியே உறைய வைப்போம். ஆனா வாய்ப்பு குறையும், செலவும் கூடலாம்" என்று தாளில் வட்டம் வட்டமாக வரைந்து விளக்கினார். படிவத்திலும் அதைக் கையால் எழுதி, கீழே கையெழுத்திட்டார். இதற்காகவே இந்த டாக்டரிடம் தைரியமாகப் போகலாம்.

பில் கவுன்ட்டரில்தான் வருத்தம். "நிறைய கரு இருந்தா பேக்கேஜ் லாபம்" என்றார்கள். உயிரைப் பற்றி அப்படிப் பேசவே கூடாது. காத்திருப்பும் அதிகம்.

போகிறவர்கள் முட்டை வளர்க்கும் ஊசி தொடங்குவதற்கு முன்பே இதைப் பேசி, எழுதி வாங்கிவிடுங்கள்.