மேஜிக் மாஸ்க் வாங்கிப் பாத்தேன்: ஒரு ரோட்டோக்காரியோட கணக்கு

ஒம்பது வருசம் சென்னையில ரோட்டோ ஆர்ட்டிஸ்டா இருந்தவ நான். "கம்ப்யூட்டர்ல ஆளைச் சுத்திக் கோடு போடறா"ன்னு எங்கம்மா ஊருக்குள்ள சொல்லுவாங்க. அதேதானுங்க வேலை. பின்னணியை மாத்தறதுக்காக ஆளைத் தனியா வெட்டி எடுக்கறதுக்குப் பேருதான் ரோட்டோ. செகண்டுக்கு 24 பிரேம். அஞ்சு செகண்ட் ஷாட்டுன்னா 120 பிரேமிலயும் அந்தக் கோடு நழுவாம இருக்கோணும். 2023ல ஹாலிவுட் எழுத்தாளருங்க 148 நாள் ஸ்ட்ரைக் பண்ணினாங்க, நடுவுல நடிகருங்களும் சேந்துக்கிட்டாங்க. அங்க ஷூட்டிங் நின்னா இங்க ப்ளேட், அதாவது நாங்க வேலை பாக்கற ஒரிஜினல் காட்சி, வராது. எங்க ஆபீஸ்ல மொதல்ல காலியானது ரோட்டோ டீம். மூட்டையைக் கட்டிக்கிட்டு கோபிசெட்டிபாளையம் வந்து சேந்தேன்.

இப்ப திருப்பூர் பனியன் கம்பெனிகளுக்கு விளம்பர வேலை. அதுக்குன்னு டாவின்சி ரிசால்வ் ஸ்டுடியோங்கற வீடியோ எடிட்டிங் சாப்ட்வேர் வாங்கினேன். 295 டாலர், ஒரே தடவை. வருச வாடகை கிடையாது. ஆளைத் தானாவே வெட்டி எடுக்கற மேஜிக் மாஸ்க் இதுலதான் இருக்குது. இலவச வெர்ஷன்ல வராது, பாத்து வாங்குங்க.

பனியன் போட்டு நடந்து வர்ற பையன் மேல ஒரு கிளிக். மீதி பிரேம்லயெல்லாம் அவனைத் தொடரச் சொல்லி ட்ராக் குடுத்துட்டு டீ வெக்கப் போனேன். வர்றதுக்குள்ள முடிஞ்சிருந்துச்சு. எனக்கு அது முழுசா ஒருநாள் வேலைங்க. சந்தோசப்படறதா வயிறெரியறதான்னு தெரியாம டீயைக் குடிச்சேன்.

பொறவு வேணும்னே அந்தியூர் குருநாதசாமி கோயில் சந்தையில எடுத்த குதிரை ஷாட்டைக் குடுத்தேன். புழுதி, வாலு, குறுக்க ஜனம். வால் முடியெல்லாம் ஒரே கட்டியா வந்துச்சு. முன்னால ஒருத்தர் கடந்து போனாரு, அவரு வேட்டியும் குதிரையோட ஒட்டிக்கிச்சு. ஓரம் பிரேமுக்கு பிரேம் நடுங்கிக் கொதிக்குது. பின்னால வேற வானத்தை வெச்சா அப்பட்டமாத் தெரியும்.

அதைவிடப் பெரிய கொறை, இதுல கோட்டைப் புடிச்சு நகத்தற புள்ளியே கிடையாது. 43வது பிரேம்ல காது வெட்டுதுன்னு சூப்பர்வைசர் சொன்னா, கையில போட்ட கோட்டுல, அதாவது ஷேப்புல, ரெண்டு புள்ளியை நகத்தி அனுப்பிருவேன். இதுல மறுபடி கிளிக், மறுபடி ட்ராக். 43 சரியாகும், 60 கெட்டுப்போகும். சினிமாவுக்கு ஷேப் பைல் கேட்டாங்கன்னா குடுக்க ஒண்ணுமில்லை.

எங்களுக்குத் தடப்பள்ளி வாய்க்கால் பாசனத்துல நெல்லு வயல். குதிரையைப் பாத்துட்டு அப்பா, "அறுப்பு மிஷின் வந்தும் மூலைக்கு அருவா வேண்டியிருக்குதல்ல, அப்படித்தான் கண்ணு"ன்னாரு. மூலைக்கு எத்தனை ஆளுப்பான்னு நான் கேக்கலை.

என் 8 ஜிபி கிராபிக்ஸ் கார்டுல 4கே குடுத்தா மெமரி பத்தாம நிக்குது, எச்டில ஓடுது. விளம்பரம், கல்யாண வீடியோ பண்றவங்க தாராளமா வாங்கலாம். மல்லிப்பூ வெச்ச கொண்டை வந்தா மட்டும் அந்த ஓரத்தைக் கையில போடுங்க. முடியாட்டி எனக்கு அனுப்புங்க, பிரேம் கணக்குல காசு வாங்கிக்கறேன்.