‘அஸ்பால்ட்’டா, ‘பண்டோராவின் பெட்டி’யா?

காதலும் அந்தஸ்தும் மோதும் ஜெர்மானிய மௌனப் படம் ஒன்றைப் பார்க்க நினைப்பவர்கள், 1929இல் வெளியான இவ்விரண்டில் எதை முதலில் எடுப்பது என்று தயங்குவதுண்டு.

நேரம்: இயக்குநர் ஜோ மேயின் ‘அஸ்பால்ட்’ ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம், இயக்குநர் பாப்ஸ்ட்டின் ‘பண்டோராவின் பெட்டி’ இரண்டு மணி நேரத்துக்கும் மேல்.

கதை: முன்னதில், களவாடிய வைரத்தைக் குடை நுனியில் ஒளித்த பெண்ணிடம் பெர்லின் காவலர் ஒருவர் மனத்தைப் பறிகொடுக்கிறார். பின்னதில், அமைச்சரின் மகளுக்கு நிச்சயிக்கப்பட்ட பத்திரிகை அதிபர் ஷோன், தன் காதலி லூலுவைக் கைவிட முடியாமல் தவிக்கிறார்.

அந்தஸ்து: வேறுபாடு கூர்மையாவது இங்கேதான். ‘அஸ்பால்ட்’டில் தந்தையும் காவலரே என்பதால், மகனின் சறுக்கல் அந்த எளிய வீட்டின் மானத்தையே அசைக்கிறது. பாப்ஸ்ட்டோ, அரங்கின் பின்புறம் லூலுவை அணைத்திருக்கும் ஷோனை, கதவைத் திறந்து நிற்கும் மணப்பெண்ணும் அவர் மகனும் காணும் ஒரே காட்சியில் ஒரு பெரிய மனிதரின் மதிப்பைச் சரித்துவிடுகிறார்; அப்போது லூலுவாக நடிக்கும் லூயிஸ் புரூக்ஸின் முகத்தில் படரும் வெற்றிப் புன்னகைக்காகவே படத்தை மறுமுறை பார்க்கலாம்.

எளிமை: ‘அஸ்பால்ட்’ நேர்க்கோட்டில் செல்கிறது, மற்றது லண்டன் வரை அலைவதால் பொறுமை வேண்டும்.

மௌனப் படங்களுக்குப் புதியவர்களுக்கு ‘அஸ்பால்ட்’ பொருந்தும். முடிவின் கசப்பைத் தாங்கக்கூடியவர்களுக்கு ‘பண்டோராவின் பெட்டி’; என் தேர்வும் அதுவே.