நில எடுப்பு இழப்பீடு: ‘தானாக வந்துவிடும்’ என்று சொல்லிக் காத்திருக்க வைப்பவர்களை நம்பாதீர்கள்

எங்கள் கிராமத்தில் கால்வாய் வெட்டுவதற்காக, 1894-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின் கீழ் எடுக்கப்பட்ட நிலங்களில் என் தந்தையின் நஞ்சையும் அடங்கும். 2010-இல் வழங்கப்பட்ட தீர்வத்தில் (இழப்பீட்டுத் தொகையை முடிவு செய்து நில எடுப்பு அலுவலர் பிறப்பிக்கும் ஆணையில்), அக்கம்பக்கத்துக் கிரைய விலையில் பாதிகூட நிர்ணயிக்கப்படவில்லை. கூடுதல் இழப்பீடு கோருவதற்காக நாங்கள் அமர்த்திய வழக்கறிஞர், சட்டம் தந்திருந்த இரண்டு வழிகளையும் எங்களுக்கு அடைத்துவிட்டார்.

முதல் வழி, தொகையை நீதிமன்றம் தீர்மானிக்க வேண்டும் என்று நில எடுப்பு அலுவலரிடம் மனுக் கொடுக்கும் 18-ஆம் பிரிவு. தீர்வத்தின்போது நேரில் இருந்தவர் ஆறு வாரங்களுக்குள் மனுக் கொடுக்க வேண்டும். இல்லாதவருக்கு, அறிவிப்பு கிடைத்த நாளிலிருந்து ஆறு வாரம் அல்லது தீர்வ நாளிலிருந்து ஆறு மாதம், இவற்றில் எது முதலில் முடிகிறதோ அதுவே கெடு. கெடு தவறினால் தாமதத்தை மன்னிக்கும் அதிகாரம் நில எடுப்பு அலுவலருக்கு இல்லை. மனுவைக் கொடுத்தாயிற்று என்று சொன்ன வழக்கறிஞர் ஒரு நகலையும் தந்தார். தட்டச்சும் தந்தையின் கையெழுத்தும் சரியாக இருந்த அந்த நகலில் அலுவலகத்தின் தேதி முத்திரை மட்டும் இல்லை. பின்னாளில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்டபோது, அப்படியொரு மனு வரவே இல்லை என்று பதில் வந்தது.

இடைப்பட்ட ஆண்டுகளில் எப்போது கேட்டாலும், “மத்தவங்க கேஸ் முடியட்டும், அதே ரேட்டு உங்களுக்கும் தானா வந்துடும்” என்பார். இந்தப் பேச்சில் பாதி உண்மை இருப்பதால்தான் பலரும் இதை நம்பிவிடுகிறார்கள். ஒரே அறிவிக்கையில் எடுக்கப்பட்ட நிலங்களில் ஒருவருடைய நிலத்துக்கு நீதிமன்றம் தொகையை உயர்த்தினால், 18-ஆம் பிரிவில் மனுப் போடாத மற்றவர்களும் இரண்டாவது வழியான 28-ஏ பிரிவின் கீழ் அதே உயர்வைக் கேட்கலாம். ஆட்சேபணை தெரிவிக்காமல் பணம் வாங்கியவரும், கெடு கடந்ததால் மனு தள்ளுபடியானவரும்கூடக் கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 2002-இல் கூறியிருக்கிறது. ஆனால் தானாக எதுவும் வராது. தீர்ப்பு நாளிலிருந்து மூன்று மாதங்களுக்குள், நகல் பெற ஆகும் நாட்களை மட்டும் கழித்துக்கொண்டு, அவரவரே எழுத்து மூலம் விண்ணப்பிக்க வேண்டும்.

பக்கத்து வயல்காரருக்குச் சார்பு நீதிமன்றம் 2015-இல் தொகையை உயர்த்தியது. அவருடைய வழக்கை நடத்தியவரும் இதே வழக்கறிஞர்தான். தீர்ப்பு நாள் அவருக்குத் தெரிந்திருந்தும் எங்களிடம் சொல்லவில்லை. 28-ஏ விண்ணப்பம் போட்டால், முதல் மனுவே கொடுக்கப்படவில்லை என்பதை எங்களிடம் ஒப்புக்கொள்ள நேர்ந்திருக்கும் என்பதைத் தவிர வேறு காரணம் எனக்குத் தோன்றவில்லை. பக்கத்து வயல்காரர் பணம் வாங்கிய செய்தி எங்களை எட்டியபோது மூன்று மாதம் கடந்திருந்தது. உயர்த்தப்பட்ட தொகை, நிலத்தைக் கட்டாயமாக எடுப்பதற்காக அதன்மேல் தரும் 30 விழுக்காடு ஆறுதல் தொகை, முதல் ஆண்டுக்கு 9 விழுக்காடும் அதன்பின் 15 விழுக்காடுமான வட்டி என அனைத்தும் எங்கள் கையை விட்டுப் போயின.

1894 சட்டத்துக்குப் பதிலாக 2014 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள 2013-ஆம் ஆண்டுப் புதிய நில எடுப்புச் சட்டத்தில், 18-ஆம் பிரிவுக்கு ஈடான 64-ஆம் பிரிவிலும் இதே ஆறு வார, ஆறு மாதக் கெடுதான் இருக்கிறது. தக்க காரணம் காட்டினால் மேலும் ஓராண்டுக்குள் மனுவை ஏற்க மாவட்ட ஆட்சியருக்கு அதிகாரம் தரப்பட்டுள்ளது. 28-ஏ பிரிவுக்கு ஈடான 73-ஆம் பிரிவிலும் அவகாசம் மூன்று மாதம்தான். பணம் பெறும்போது ரசீதில் ‘ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்’ என்று உங்கள் கையாலேயே எழுதுங்கள், ஏனெனில் அப்படி எழுதாமல் வாங்கியவருக்கு 64-ஆம் பிரிவின் கீழ் மனுச் செய்யும் உரிமை இல்லை. மனுவை வழக்கறிஞர் தயாரிக்கட்டும். அலுவலகத்தில் கொடுத்து உங்கள் நகலில் முத்திரை வாங்கும் வேலையை நீங்களே செய்யுங்கள்.

கிடைக்கும் தொகையில் பங்கு பேசி வழக்கு எடுப்பதை, வழக்கறிஞர்களை ஒழுங்குபடுத்தும் அமைப்பான இந்திய பார் கவுன்சிலின் விதிகள் தடை செய்கின்றன. எங்களிடம் எங்கள் வழக்கறிஞர் பேசியது அந்தப் பங்குதான். வழக்கறிஞர் சேவை நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துக்குள் வராது என்று உச்ச நீதிமன்றம் 2024 மே மாதம் தீர்ப்பளித்துவிட்டதால், வழக்கறிஞர்கள் சட்டத்தின் 35-ஆம் பிரிவின் கீழ் மாநில பார் கவுன்சிலில் புகார் அளித்திருக்கிறோம்.