டோம்பிவிலி ஃபாஸ்டில் எந்த கேம் தாங்கும்? ஆங்ரி பேர்ட்ஸ், டெம்பிள் ரன், சப்வே சர்ஃபர்ஸ்

2012, 2013 வாக்கில் மும்பையை ஒட்டிய டோம்பிவிலிக்கும் மும்பையின் சிஎஸ்டி ரயில் நிலையத்துக்கும் இடையே தினமும் ஃபாஸ்ட் லோக்கலில், அதாவது சில ஸ்டேஷன்களில் மட்டும் நிற்கும் புறநகர் ரயிலில், போய்வந்தவன் நான். கிராபிக்ஸ், ஸ்கோர் என்றெல்லாம் ஒப்பிட எனக்குத் தெரியாது. ஒரு கை மேலே தொங்கும் பிடியில், மற்ற கையில் போன், முதுகில் யாருடைய பையோ அழுத்துகிறது, இந்த நிலையில் எதை ஆட முடிந்தது என்பதுதான் என் கணக்கு.

நிற்காமல் ஓடும் கேமான டெம்பிள் ரன் 2011 ஆகஸ்டில் ஐபோனுக்கு வந்தபோது எங்கள் பெட்டியில் எவரிடம் ஐபோன் இருந்தது? அடுத்த மார்ச்சில் ஆண்ட்ராய்டுக்கு வந்த பிறகுதான் பார்க்கும் இடமெல்லாம் போனைச் சாய்த்துக்கொண்டு நின்றார்கள். அந்தச் சாய்ப்பதுதான் வினையே. திரும்ப, தாவ, சறுக்க விரலால் இழுத்தால் போதும், ஆனால் ஓரத்துக் காசைப் பொறுக்கவும் பாதி இடிந்த பாதையைக் கடக்கவும் போனையே சாய்க்க வேண்டும். நாமே சாய்த்தோமா, குர்லாவில் ஏறிய கூட்டம் நம்மைச் சாய்த்ததா என்று சென்சாருக்கு எப்படித் தெரியும்? மோட்டார்மேன் (ரயிலை ஓட்டுபவர்) பிரேக் போட்டாலே நம் ஆள் பள்ளத்தில்.

2012 மே மாதம் வந்த டென்மார்க்காரர்களின் சப்வே சர்ஃபர்ஸில் இந்தத் தொல்லை இல்லை. மூன்று தண்டவாளம், ஒரு கட்டைவிரல், அவ்வளவுதான். இரண்டு தட்டு தட்டி ஹோவர்போர்டு என்ற மிதக்கும் பலகையில் ஏறிவிட்டால் யாராவது முழங்கையால் இடித்து நாம் ரயிலில் முட்டினாலும் முதல் தடவை பலகைதான் போகும், ஆட்டம் போகாது. கூட்டத்தில் நிற்பவனுக்கென்றே செய்தது மாதிரி இருக்கும். (ஊர் ஊராக மாறும் அதன் உலகச் சுற்றில் மும்பையும் வந்தது. "ரயில் கூரையில ஒருத்தன்கூட இல்லையே, இது எந்த ஊரு மும்பை?" என்றான் நண்பன்.) குறை என்றால், என் மலிவு போனில் அடிக்கடி திணறும்.

ஆங்ரி பேர்ட்ஸ் மூன்றிலும் மூத்தது, பின்லாந்தின் ரோவியோ 2009 டிசம்பரில் விட்டது. போனைக் கிடையாகப் பிடித்து உண்டிவில்லை இழுக்க இரண்டு கையும் வேண்டும், ஆகவே நிற்பவனுக்கு ஆகாது. ஆனால் மூன்று பேர் இருக்கையில் நாலாவதாக நெருக்கி உட்காரும் ஃபோர்த் சீட்டில் பாதி உடம்பு வெளியே தொங்க ஒண்டிக்கொண்டாலும் போதும், இதற்கு ஈடில்லை. நாம் இழுக்கும்வரை பறவை அசையாமல் உட்கார்ந்திருக்கும், நிமிர்ந்து எந்த ஸ்டேஷன் என்று பார்க்கலாம். ஓடும் கேம்களில் பாஸ் பட்டன் இருக்கிறதுதான், ஆனால் நல்ல ஸ்கோர் ஏறிக்கொண்டிருக்கும்போது அதை அமுக்க யாருக்கு மனசு வரும்? சப்வே சர்ஃபர்ஸ் ஆடிக்கொண்டே டோம்பிவிலியை விட்டுக் கல்யாணில் இறங்கியது ஒரு முறை இல்லை, மூன்று முறை.

ஆக, நின்றால் சப்வே சர்ஃபர்ஸ், உட்கார்ந்தால் ஆங்ரி பேர்ட்ஸ். டெம்பிள் ரன்னை மெகா பிளாக் (பராமரிப்புக்காக ரயில்களை நிறுத்துவது) போட்ட ஞாயிற்றுக்கிழமைகளில் வீட்டுக் கட்டிலில் ஆடினேன்.