லூசி லிப்பர்டின் 'சிக்ஸ் இயர்ஸ்': நீண்ட காலம் புழங்கிய பின்

கருத்தியல் கலைக்குள் (செய்து முடித்த பொருளைவிட அதன் பின்னுள்ள எண்ணமே முக்கியம் என்ற கலைக்குள்) நுழைய ஒரு புத்தகம் சொல்லுங்கள் என்று கேட்டால் பெரும்பாலும் 'சிக்ஸ் இயர்ஸ்' என்ற பதில்தான் வருகிறது. வாங்கிய மாணவர்களில் பலர் சில பக்கங்களிலேயே சோர்ந்துவிடுகிறார்கள். நாவலைத் தொடங்குவதுபோல முதல் பக்கத்தில் தொடங்குவதுதான் சிக்கல். நியூயார்க் விமர்சகரும் க்யூரேட்டருமான (கண்காட்சிகளைத் திட்டமிட்டு அமைப்பவர்) லூசி லிப்பர்ட் இதைத் தேடிப் பார்க்கும் கருவியாகவே தொகுத்திருக்கிறார். 1966 முதல் 1972 வரை வந்த நூல்கள், கண்காட்சிகள், நேர்காணல்கள், கடிதங்கள், கலந்துரையாடல்கள் எல்லாம் கால வரிசையில் அடுக்கப்பட்டிருக்கின்றன. அத்தியாயம் கிடையாது, இயக்கத்தின் வரலாற்றைக் கோவையாகச் சொல்லும் குரலும் கிடையாது. பல வரிகள் நீளும் தலைப்பு அட்டையிலேயே அச்சாகியிருப்பதைப் பார்த்தவுடனேயே புத்தகத்தின் குணம் பிடிபட்டுவிடும்.

பின்னாலிருக்கும் பெயர் அகரவரிசையில் தொடங்குங்கள். ஒரு பெயரை எடுத்துக்கொள்ளுங்கள், கருத்தியல் கலைஞர் லாரன்ஸ் வீனர் என்று வைத்துக்கொள்வோம். அவர் வரும் பக்கங்களை எல்லாம் பார்த்து, ஆண்டு, மாதம், இடம், உடன் யார் யார் என்று ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். சில பதிவுகளுக்குள்ளேயே அதே நான்கைந்து பெயர்கள் அவரைச் சுற்றி வருவது தெரியும். பிறகு அந்தப் பெயர்களில் ஒன்றுக்கு இதையே செய்யுங்கள். இரண்டு தாள்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால், யார் எதை முதலில் செய்தார் என்று பாடநூல்கள் அடித்துச் சொல்வதெல்லாம் எவ்வளவு நெருக்கமான மாதங்களுக்குள் நடந்தது என்று புரியும்.

இப்படித் தேடினால் 1969 ஜனவரியில் கட்டாயம் வந்து நிற்பீர்கள். அங்கே அவசரப்படாதீர்கள். கண்காட்சி அமைப்பாளர் சேத் சீகலாப் மன்ஹாட்டனில் ஓர் அலுவலக அறையில் 5-ம் தேதி முதல் 31-ம் தேதி வரை நடத்திய கண்காட்சியில் ராபர்ட் பேரி, டக்ளஸ் ஹியூப்லர், ஜோசப் கொசுத், வீனர் என்று நான்கே பேர். ஆளுக்கு எட்டு படைப்புகள், அறையில் வைக்கப்பட்டது ஒரு சிறு பகுதி. கண்காட்சி என்பது கேட்டலாக்கில்தான் இருந்தது. அறைக்குள் இருந்தவை அதற்குத் துணை. வீனரின் படைப்புகளில் ஒன்று, சுவரில் 36-க்கு 36 அங்குலச் சதுரத்தில் பூச்சை உள்சட்டம் தெரியும்வரை பெயர்த்தெடுப்பது. அவர் வைத்த நிபந்தனை: கலைஞரே செய்யலாம், வேறொருவர் செய்யலாம், செய்யாமலும் விடலாம், மூன்றும் சமம், எது என்பதைப் பெறுபவர் முடிவு செய்வார். உலகில் பொருள்கள் ஏற்கெனவே நிறைந்திருக்கின்றன, இன்னும் சேர்க்க விருப்பமில்லை என்ற ஹியூப்லரின் அறிக்கையும் இதே கேட்டலாக்கில் வந்ததுதான். இந்த ஒரு மாதத்தைச் சரியாக வாசித்தால் மீதி ஆண்டுகள் தானாகத் திறக்கும்.

எங்கே தடுக்கி விழுவோம் என்பதையும் சொல்ல வேண்டும். உள்ளே இருக்கும் கட்டுரைகளில் பல சுருக்கப்பட்டவை. கலைஞர் சோல் லெவிட் கருத்தியல் கலை பற்றி எழுதிய 1967 கட்டுரையை மேற்கோள் காட்ட வேண்டுமானால் அது வெளிவந்த 'ஆர்ட்ஃபோரம்' பத்திரிகையின் ஜூன் இதழுக்கே போங்கள். கலை பொருளாக இருப்பதை விட்டுவிடுகிறது என்று லிப்பர்டும் ஜான் சாண்ட்லரும் எழுதி 1968 பிப்ரவரியில் 'ஆர்ட் இன்டர்நேஷனல்' பத்திரிகை வெளியிட்ட, இந்த நூலுக்கு மூலமான கட்டுரையும் இங்கே துண்டாகத்தான் இருக்கிறது. முழுசாக வேண்டுமென்றால் லிப்பர்டின் 1971 தொகுப்பு 'சேஞ்சிங்' வேண்டும். அந்தக் கட்டுரையை எதிர்த்து ஆர்ட் அண்ட் லாங்குவேஜ் என்ற பிரிட்டிஷ் கலைஞர் குழுவின் டெரி அட்கின்சன் எழுதிய பதிலையும் லிப்பர்ட் சேர்த்திருக்கிறார். தாளும் புகைப்படமும் பொருள்தானே, கலை எங்கே பொருளை விட்டது என்ற கேள்விக்கு முன்னுரையில் நேராகவே இடம் கொடுக்கிறார். தன் நூலின் அடிப்படையையே கேள்வி கேட்கும் ஆவணத்தை உள்ளே வைத்த இந்த நேர்மைக்காகவே புத்தகத்தின் மீது மதிப்பு கூடுகிறது. படங்கள் கறுப்பு வெள்ளை. படைப்பைப் பார்க்க இதை நம்பாதீர்கள்.

பதிப்பைப் பொறுத்தவரை, 1973-ல் பிரேகர் வெளியிட்டதைத் தேடி அதிக விலை கொடுக்கத் தேவையில்லை. கலிஃபோர்னியா பல்கலைக்கழகப் பதிப்பகம் 1997-ல் கொண்டுவந்த மறுபதிப்பில் உள்பக்க எண்கள் அப்படியே இருக்கின்றன. லிப்பர்டின் புதிய கட்டுரை ரோமன் எண் பக்கங்களில் முன்னால் சேர்ந்திருக்கிறது. அதனால் பழைய ஆய்வுகளின் பக்க எண்களை வைத்து இதிலேயே தேடலாம். ஆனால் அந்தப் புதிய கட்டுரையைக் கடைசியில் படியுங்கள். பின்னாளில் தெரிந்தவற்றோடு எழுதப்பட்டது என்பதால், முதலில் படித்தால் ஆவணங்களை அதன் கண்ணோடுதான் பார்ப்போம். முதலில் 263-ம் பக்கத்துப் பின்னுரையைப் படிக்கலாம். கலைச் சந்தையிலிருந்து தப்பிவிடலாம் என்ற நம்பிக்கை பொய்த்ததையும், மூன்றே ஆண்டுகளில் முக்கியமான கலைஞர்கள் நல்ல விலைக்கு விற்றுக்கொண்டிருந்ததையும் லிப்பர்ட் அங்கே மழுப்பாமல் எழுதியிருக்கிறார்.

பெண் கலைஞர்கள் குறைவாக இருப்பது இந்த நூலின் பெரிய ஓட்டை. அதற்கு லிப்பர்டே 1973-ல் ஒரு கண்காட்சியால் பதில் சொன்னார்: கலிஃபோர்னியா வலென்சியாவில் தொடங்கிப் பல ஊர்களுக்குப் போன 'சி. 7,500', 26 பெண் கலைஞர்கள். அது ஹார்ட்ஃபர்ட் வாட்ஸ்வர்த் அதீனியத்துக்கு வந்தபோதுதான் மியர்ல் லேடர்மன் உகெலிஸ் அருங்காட்சியகத்தின் படிகளையும் தரையையும் கழுவித் துடைத்து அதையே படைப்பாக்கினார். 'சிக்ஸ் இயர்ஸ்' 1972-ல் முடிந்துவிடுவதால் இது அதில் வராது. பெண்களின் கலை பற்றி லிப்பர்ட் எழுதி 1976-ல் வந்த 'ஃப்ரம் தி சென்டர்' தொகுப்பைப் பக்கத்தில் வைத்துக்கொண்டால்தான் படம் முழுமையாகும்.

கையில் காசு இருந்து பழைய புத்தகச் சந்தையில் தேடுபவர்களுக்கு மக்கள்தொகை எண்ணையே பெயராக வைத்து லிப்பர்ட் நடத்திய கண்காட்சிகளின் கேட்டலாக்குகள் இருக்கின்றன. 1969 சியாட்டில் கண்காட்சிக்கு அந்த நகரத்தின் மக்கள்தொகையான '557,087' என்பதே பெயர். கேட்டலாக் 4-க்கு 6 அங்குல உதிரி அட்டைகள், மொத்தம் 95. கலைஞர் ஒவ்வொருவரும் தன் அட்டையைத் தானே அமைத்தார். லிப்பர்டின் கட்டுரையும் அட்டைகளில் சிதறிக் கிடக்கும். எந்த வரிசையிலும் வாசிக்கலாம். 1970-ல் வான்கூவருக்கு '955,000' என்று போனபோது இன்னும் 42 அட்டைகள் சேர்ந்தன. கட்டில்லாத அட்டைகள் என்பதால் நூலகப் பிரதிகளில்கூட ஒன்றிரண்டு காணாமல் போயிருக்கும். சியாட்டில் தொகுதி என்றால் 95, இரண்டும் சேர்ந்தது என்றால் 137 இருக்கிறதா என்று எண்ணிப் பார்த்த பிறகு பணம் கொடுங்கள். விற்பவர் எண்ணிச் சொல்ல மறுத்தால் விட்டுவிடுங்கள்.