பழைய போனில் வட்ஸ்அப் நின்றுவிட்டதா? கடையில் கொடுக்க முன் இதை வாசியுங்கள்

யாழ்ப்பாணத்தில் போன் திருத்தும் சில இடங்களில் ஒரே மாதிரியான ஏமாற்று நடக்கிறது. அகப்படுகிறவர்கள் பெரும்பாலும் வயதானவர்கள். கனடாவிலோ சுவிசிலோ இருக்கும் பிள்ளையோடு முகம் பார்த்துக் கதைக்கவென்றே பழைய சம்சுங் ஒன்றை வைத்திருப்பார்கள். ஒருநாள் வட்ஸ்அப் திறக்காது. "அப்டேற் பண்ணித் தாறன் அம்மா, வைச்சிட்டுப் போங்கோ" என்பார்கள். பின்னேரம் போனால் வட்ஸ்அப் திறக்கும், காசும் கொடுத்தாயிற்று. கொஞ்ச நாளில் கணக்கு முடங்கிவிடும். பழைய செய்தி, படம் எதுவும் மிஞ்சாது.

அந்தப் போனில் போட்டுக் கொடுத்தது உண்மையான வட்ஸ்அப் அல்ல. ஜிபி வட்ஸ்அப், எப்எம் வட்ஸ்அப் என்று உலாவும் போலிப் பிரதிகளில் ஒன்று. இவற்றைப் பாவிக்கும் இலக்கங்களை வட்ஸ்அப் நிறுவனமே தடுக்கிறது. எப்எம் வட்ஸ்அப்பின் ஒரு பதிப்புக்குள் ட்ரையடா என்ற தீநிரல் (போனுக்குக் கேடு செய்யும் மென்பொருள்) ஒளிந்திருந்ததை 2021இல் கஸ்பர்ஸ்கி என்ற கணினிப் பாதுகாப்பு நிறுவனம் கண்டுபிடித்தது. பிளே ஸ்ரோரில் இல்லாத வட்ஸ்அப்பை யார் போட்டுத் தந்தாலும் வேண்டாம் என்று சொல்லுங்கள்.

கடைக்குப் போக முன் செற்றிங்ஸில் 'எபௌட் போன்' திறந்து அன்ட்ரொய்ட் பதிப்பைப் பாருங்கள். 2023 ஒக்ரோபர் 24இலிருந்து 5.0க்குக் கீழ்ப்பட்ட அன்ட்ரொய்டில் வட்ஸ்அப் எடுபடாது. கலக்சி எஸ்3, எஸ்4 மினி போன்றவற்றுக்கு சம்சுங் கடைசியாகக் கொடுத்தது, மொடலைப் பொறுத்து, 4.3 அல்லது 4.4தான். இவற்றுக்கு மேலே 'அப்டேற்' என்று ஒன்று கிடையாது. ஐபோனில் வட்ஸ்அப்புக்கு 2025 மே 5 முதல் ஐஓஎஸ் (ஐபோனின் இயங்குதளம்) 15.1 வேண்டும். ஐபோன் 6 ஐஓஎஸ் 12ஓடு நின்றுவிட்டது, 6எஸ் 15 வரை போகும். இரண்டும் பார்வைக்கு ஒன்றுதான், 6க்கு 6எஸ்ஸின் பின்மூடி போட்டு விற்கிறவர்களும் உண்டு. மூடியை நம்பாமல் செற்றிங்ஸ், ஜெனரல், எபௌட் என்று உள்ளே போய்ப் பாருங்கள்.

கஸ்ரம் ரொம், அதாவது வெளியாட்கள் செய்த அன்ட்ரொய்ட், ஏற்றிப் பதிப்பை உயர்த்த முடியும், அது உண்மை. ஆனால் போனின் அடையாள எண் (ஐஎம்ஈஐ) சார்ந்த விபரம் இருக்கும் ஈஎப்எஸ் பகுதியைப் பிரதி எடுக்காமல் கவனயீனமாகப் பிளாஷ் பண்ணினால் (புது மென்பொருளை ஏற்றினால்) *#06# அடிக்கும்போது அந்த 15 இலக்க எண்ணுக்குப் பதில் வெறுமை வரும், சிம் வேலை செய்யாது. 'பிரதி எடுத்தீர்களா' என்று கேட்டு, பதில் தடுமாறினால் போனைத் திரும்ப வாங்கிவிடுங்கள்.

இரண்டாம் கைப் போனில் இன்னொரு பித்தலாட்டம்: உள்ளே 4.4 இருக்கும், திரையில் 10 என்று எழுதியிருக்கும். பதிப்பு என்ற வரியை விரலால் நாலைந்து தரம் விடாமல் தட்டுங்கள். 4.4 என்றால் பெரிய 'கே' எழுத்து வரும், 5 என்றால் லொலிபொப், 6 என்றால் மார்ஷ்மெலோ. எழுத்தை மாற்றியவர்கள் இந்தப் படத்தைப் பெரும்பாலும் மாற்றுவதில்லை.

'இணைப்பு பாதுகாப்பற்றது' என்று பேஸ்புக் திறக்காமல் நின்றால், அதற்கும் 'சொவ்ற்வெயார் அடிக்க வேணும்' என்று காசு கேட்பார்கள். முதலில் திகதியைப் பாருங்கள். பற்றரி முற்றாக இறங்கிய பழைய போனில் திகதி பல வருடம் பின்னுக்குப் போய்விடும், தளம் உண்மையானது என்று காட்டும் சான்றிதழ் அந்தத் திகதிக்குச் செல்லாது. திகதியைச் சரிசெய்ய ஒரு நிமிடம் போதும். பழைய போனுக்கென்று இருந்த பேஸ்புக்கின் மெசஞ்சர் லைட் போட்டுத் தாறன் என்றாலும் நம்பவேண்டாம், அது 2023 செப்ரெம்பர் 18இல் மூடப்பட்டுவிட்டது.

எல்லாவற்றிலும் பெரிய இழப்பு, கேட்காமலே போனை முழுதாக அழிப்பது. வட்ஸ்அப் திறக்காவிட்டாலும் கோப்புகள் போனுக்குள்ளேயே கிடக்கும். யூஎஸ்பி வயரால் கணினியில் இணைத்து, உள் சேமிப்பில் இருக்கும் 'வட்ஸ்அப்' போல்டரை அப்படியே பிரதி எடுங்கள். அதற்குள் 'டேற்றாபேஸஸ்' என்பதில் செய்திகளின் காப்புப் பிரதி இருக்கும். அன்ட்ரொய்ட் 11 அல்லது அதற்கு மேற்பட்ட புதுப்போனில் அதை 'அன்ட்ரொய்ட் – மீடியா – கொம்.வட்ஸ்அப்' என்ற இடத்தில் வைத்து, அதே இலக்கத்தால் பதிந்தால்தான் மீட்கக் கேட்கும். மிகப் பழைய பிரதி சிலவேளை ஏறாது. ஆனாலும் 'மீடியா' போல்டரில் உள்ள படங்களும் குரல்களும் உங்களுடையவைதான். குரல் செய்திகள் 'வொய்ஸ் நோற்ஸ்' என்பதற்குள் வருடமும் வாரமும் சேர்ந்த எண்ணில், 202314 என்பதுபோல், அடுக்கப்பட்டிருக்கும். ஒபஸ் என்று முடியும் அந்தக் கோப்புகளை விஎல்சி என்ற இலவச மென்பொருள் வாசிக்கும். செத்துப்போன தாயின் குரல் அதற்குள் மட்டுமே இருக்கிற வீடுகள் எங்கள் ஊரில் கனக்க. அதை அழித்துவிட்டுப் 'போனில ஒண்டும் இல்லை' என்று சொல்வது பெரிய அநியாயம்.

போன் கடையில் இரவு தங்கியிருந்தால், வீட்டுக்கு வந்ததும் வட்ஸ்அப்பின் மூன்று புள்ளியைத் தொட்டு 'லிங்க்ட் டிவைசஸ்' பாருங்கள். தெரியாத கணினி இருந்தால் அதைத் தொட்டு வெளியேற்றுங்கள். இரட்டைச் சரிபார்ப்புக்கான ஆறு இலக்க இரகசிய எண்ணையும் (PIN) போட்டுவிடுங்கள். குறுஞ்செய்தியில் வரும் ஆறு இலக்கக் குறியீட்டைத் திருத்துபவருக்கும் சொல்லவேண்டாம்.

வேறு போன் வாங்குவதானால் காசு கொடுக்க முன் *#06# அடித்து வரும் எண்ணை எடுத்து, ஐஎம்ஈஐ என்று ஆங்கிலத்தில் எழுதி, இடைவெளி விட்டு, அந்த 15 இலக்கங்களையும் தொலைத்தொடர்பு ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவின் 1909க்குக் குறுஞ்செய்தியாக அனுப்பி, அது பதிவான போன்தானா என்று பாருங்கள். பற்றுச்சீட்டில் மொடலையும் செய்த வேலையையும் எழுதி வாங்குங்கள். எழுதித் தர மறுத்தாலோ ஏமாற்றினாலோ நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையின் 1977க்கு அழைத்து முறையிடலாம்.